ஸ்ட்ரே கேட்ஸ் மீட்டெடுத்தது எந்த 1950களை?

கேள்வி இதுதான்: "ஸ்ட்ரே கேட்ஸ் என்ற மூவர் குழு 1980களின் தொடக்கத்தில் ராக்கபில்லி இசையைத் திரும்பக் கொண்டுவந்தது, இளைஞர்களின் முடியையும் உடையையும் மாற்றியது என்கிறார்கள். கால் நூற்றாண்டுப் பழைய பாணி எப்படித் திடீரென்று பிடித்துக்கொண்டது? அவர்கள் நிஜமாகவே 1950களின் பாடகர்கள் போலத்தான் இருந்தார்களா, இல்லை அது வெறும் மாறுவேடமா?"

கடைசிப் பகுதிக்கு முதலில் பதில் சொல்லிவிடுகிறேன். அவர்கள் 1950களின் பாடகர்கள் போல இல்லை. அசலை அப்படியே நகலெடுத்த குழுக்கள் அவர்களுக்கு முன்பும் இருந்தன. அந்தக் குழுக்களைப் பழைய ரசிகர்கள் கைதட்டிக் கேட்டார்கள், பதினேழு வயசுப் பையன்கள் திரும்பிப் பார்க்கவில்லை. ஸ்ட்ரே கேட்ஸை மட்டும் அந்தப் பையன்கள் பார்த்தார்கள் என்றால், அசலிலிருந்து அவர்கள் விலகி நின்ற இடத்தில்தான் காரணம் இருக்கிறது.

அந்த விலகல் புரிய, அசல் எப்படி இருந்தது என்று கொஞ்சம் பார்க்க வேண்டும். 1954 ஜூலையில் மெம்பிஸ் நகரத்து சன் ஸ்டுடியோவில் எல்விஸ் பிரெஸ்லி, கிட்டாரில் ஸ்காட்டி மூர், நிறுத்தி வைத்து வாசிக்கும் பெரிய நரம்பு வாத்தியமான பேஸில் பில் பிளாக் என்று மூன்று பேர் சேர்ந்து ஒரு பாட்டைப் பதிவு செய்தார்கள். ஆர்தர் க்ரூடப் என்ற கறுப்பினக் கலைஞரின் ப்ளூஸ் பாட்டு அது. அதை வெள்ளைக்காரக் கிராமத்து கன்ட்ரி இசையின் துள்ளலில் வேகமாகப் பாடினார்கள். டிரம்ஸ் வாசிக்க ஆளே கிடையாது. பில் பிளாக் பேஸின் நரம்பைச் சுண்டி இழுத்துவிட, அது மரத்தில் 'டக்'கென்று மோதும். அந்தச் சத்தம்தான் தாளம். ஸ்டுடியோ உரிமையாளர் சாம் பிலிப்ஸ் இரண்டு டேப் மெஷின்களை வைத்து, குரல் ஒரு நொடியின் சிறு பங்கு தாமதித்துத் திரும்பி வருகிற மாதிரி எதிரொலி சேர்த்தார். ராக், அத்துடன் மலைநாட்டுப் பட்டிக்காட்டான் என்று கேலியாகச் சொல்லும் ஹில்பில்லி, இரண்டும் ஒட்டிப் பிறந்த பெயர்தான் ராக்கபில்லி.

சரி, அப்போது அவர்கள் என்ன உடுத்தினார்கள்? மெம்பிஸில் பீல் தெருவில் லான்ஸ்கி பிரதர்ஸ் என்ற துணிக்கடை இருந்தது. கறுப்பின இசைக்கலைஞர்கள் வாங்கும் கடை அது. எல்விஸும் அங்கேதான் வாங்கினார். இளஞ்சிவப்பும் கறுப்பும், தொளதொளவென்று மடிப்பு வைத்த பேன்ட், தோள் அகன்ற கோட்டு. அதே சன் ஸ்டுடியோவில் பாடிய கார்ல் பெர்கின்ஸின் அந்தக் காலப் படங்களைப் பாருங்கள், ஞாயிற்றுக்கிழமை சர்ச்சுக்குப் போகும் குடும்பஸ்தர் மாதிரி இருப்பார். தோல் ஜாக்கெட் இல்லை. பச்சை குத்திய கையை நீட்டிக் காட்டும் பழக்கமும் இல்லை.

அப்படியானால் 'ராக் அண்ட் ரோல்' என்றதும் மனசில் வருகிற அந்தக் கறுப்புத் தோல் உடுப்பு எங்கிருந்து வந்தது? பெரும்பங்கு இங்கிலாந்து டிவியிலிருந்து. ராக்கபில்லிப் பாடகர் ஜீன் வின்சென்ட் 1959 கடைசியில் அங்கே போனபோது, ஜாக் குட் என்ற தயாரிப்பாளருக்கு ஏமாற்றமாக இருந்தது. கொடூரமான ரவுடி வருவான் என்று பார்த்தால், பணிவாகப் பேசும் அமெரிக்கத் தென்மாநிலத்துப் பையன் வந்து நிற்கிறான். உடனே அவனுக்குத் தலை முதல் கால் வரை கறுப்புத் தோல் மாட்டிவிட்டார். மோட்டார் சைக்கிள் விபத்தில் அடிபட்ட காலை மறைக்காமல், நன்றாக இழுத்து இழுத்து நடக்க வைத்தார். 1950களின் அடையாளமாக நாம் நம்பும் அந்தத் தோற்றமே ஓர் ஆங்கில நாடக மூளையின் கைவேலை. இதை மனசில் வைத்துக்கொண்டால், 'அசல் இல்லை' என்று ஸ்ட்ரே கேட்ஸைத் திட்டுவதற்கு முன் கொஞ்சம் யோசிப்போம்.

இப்போது அவர்களிடம் வருவோம். நியூயார்க்கை ஒட்டிய லாங் ஐலண்டில் மசபீக்வா என்ற ஊர். பிரையன் செட்சர் கிட்டாரும் பாட்டும், லீ ராக்கர் பேஸ், ஸ்லிம் ஜிம் ஃபேன்டம் டிரம்ஸ். குழு உருவானது 1979இல். இந்த 'ராக்கர்', 'ஃபேன்டம்' எல்லாம் மேடைப் பெயர்கள்தான். லீ ராக்கரின் நிஜப் பெயர் லியோன் டிரக்கர். அப்பா ஸ்டான்லி டிரக்கர், நியூயார்க் ஃபில்ஹார்மானிக் என்ற செவ்வியல் இசைக்குழுவில் 1948 முதல் 2009 வரை கிளாரினெட் வாசித்த பெரிய வித்வான். அப்படிப்பட்ட வீட்டுப் பிள்ளை பேஸைச் சாய்த்துப் போட்டு அதன்மேல் ஏறி நின்று வாசித்ததை அந்த வீட்டில் எப்படி எடுத்துக்கொண்டிருப்பார்கள் என்று நான் அடிக்கடி நினைத்துச் சிரித்துக்கொள்வதுண்டு.

உள்ளூர் பார்களில் அவர்களுக்குக் கூட்டம் வந்தது. ஆனால் ரெக்கார்ட் கம்பெனி எதுவும் எட்டிப் பார்க்கவில்லை. லண்டனில் இளைஞர்கள் மறுபடி தலையை மேலே தூக்கி வாருகிறார்களாம் என்று கேள்விப்பட்டதும், 1980 கோடையில் கையில் இருந்ததை விற்று டிக்கெட் வாங்கி விமானம் ஏறிவிட்டார்கள். செட்சருக்கு 21 வயது, ஜிம்முக்கு 19, லீக்கு இன்னும் குறைவு. போய் இறங்கிய ஊரில் தங்க இடமில்லை, பூங்காவில் படுத்த ராத்திரிகளும் உண்டு.

ஆனால் போன இடம் சரியான இடம். ராக்கபில்லியை அமெரிக்கா மறந்திருந்த இருபது வருடமும் இங்கிலாந்து மறக்கவில்லை. அதற்குக் காரணம் 'டெடி பாய்ஸ்'. போருக்குப் பின் லண்டனின் பணக்காரத் தையல்காரர்கள் எட்வர்ட் மன்னர் காலத்து நீண்ட கோட்டை மறுபடி மேல்தட்டு ஆண்களுக்குத் தைத்துக் கொடுத்தார்கள். தெற்கு லண்டன் தொழிலாளர் வீட்டுப் பையன்கள் அதைத் தங்களுக்குத் தைத்துப் போட்டுக்கொண்டார்கள். முழங்கால் வரை கோட்டு, வெல்வெட் காலர், குழாய் பேன்ட், தடித்த ரப்பர் அடிப்பாகம் வைத்த 'கிரீப்பர்' ஷூ. பணக்காரன் உடுப்பைத் தொழிலாளி மகன் போட்டதும், பணக்காரன் அதைக் கழற்றிவிட்டான். உலகம் எங்கும் நடப்பதுதான். இந்த டெட்கள் ராக் அண்ட் ரோலைத் தங்கள் சொத்தாகவே காப்பாற்றி வைத்தார்கள். 1976இல் ரேடியோவில் அந்த இசையைப் போடச் சொல்லி லண்டனில் ஊர்வலமே போனார்கள். 1977இல் கிங்ஸ் ரோட்டில், அப்போது புதிதாக வந்த வேகமான முரட்டு ராக்கான பங்க்கின் பையன்களோடு சனிக்கிழமை தோறும் அடிதடி. இத்தனைக்கும் பங்க் உடைகளை விற்ற மால்கம் மெக்லாரன், விவியன் வெஸ்ட்வுட் ஜோடி 1971இல் அதே தெருவில் முதலில் திறந்தது டெடி பாய் துணிக்கடைதான்.

ஸ்ட்ரே கேட்ஸ் இந்த இரண்டு கூட்டத்துக்கும் நடுவே போய் நின்றார்கள். முடியையும் ஷூவையும் டெட்களிடமிருந்து எடுத்துக்கொண்டார்கள். வெட்டி எறிந்த சட்டைக்கை, கழுத்தில் கைக்குட்டை, காதில் வளையம், கண்ணில் கொஞ்சம் மை, தோள் முழுக்கக் குத்திய பச்சை, இதெல்லாம் பங்கிலிருந்து வந்தவை. பாட்டிலும் அதே கலவை: தாளம் 1956, வேகமும் முறைப்பும் 1977. நேற்று வரை கிங்ஸ் ரோட்டில் மூக்கை உடைத்துக்கொண்டவர்கள் இவர்கள் கச்சேரியில் பக்கத்துப் பக்கத்தில் நின்றார்கள். எப்போதும் அமைதியாக நின்றார்கள் என்று சொல்ல மாட்டேன். அவர்களுடைய முதல் ஆல்பத்திலேயே கடற்கரை ஊரில் நடக்கும் ஒரு தெருச்சண்டையைப் பற்றிப் பாட்டு இருக்கிறது.

அந்த முடியைப் பற்றி இங்கே கொஞ்சம் விரிவாகச் சொல்ல ஆசை. நம் ஊரில் தாத்தா தலைமுறை 'குருவிக்கூடு' என்று சொன்ன அதே முன்முடிதான், ஆனால் இரண்டு மடங்கு உயரம். மெழுகும் வாசலினும் கலந்த கெட்டிப் பசையை உள்ளங்கையில் தேய்த்து இளக்கி, வேர் முதல் நுனி வரை பூச வேண்டும். முதலில் எல்லாவற்றையும் பின்னால் வாரி, அப்புறம் முன்பக்கத்தை மட்டும் விரலால் மேலே தள்ளி, சீப்பின் பின்பக்கத்தால் உருட்டி நிறுத்துவார்கள். பக்கவாட்டு முடி இரண்டும் பின்மண்டையில் சந்தித்து, நடுவில் ஒரு கோடு விழ வேண்டும். வாத்தின் பின்பக்கம் மாதிரி இருப்பதால் அதற்குக் கொஞ்சம் ஆபாசமான ஆங்கிலப் பெயர் ஒன்று உண்டு. கிருதா காது மடல் வரை. இந்தப் பசை தண்ணீரில் போகாது, ஷாம்புவில் பாதி போகும், மீதி தலையணை உறைக்குப் போகும். கல்லூரி நாளில் நானே ஒருமுறை முயன்று பார்த்தேன். காலை எட்டு மணிக்குக் கண்ணாடியில் நின்ற கோபுரம், பதினொரு மணி வெயிலில் நெற்றி வழியாக இறங்கி வந்துவிட்டது. குளிர் ஊர்க்காரர்களின் சமாச்சாரம் என்று விட்டுவிட்டேன்.

சிரிப்பை விடுங்கள், இதற்கு ஆன செலவைக் கவனியுங்கள். ஒரு டப்பா பசை, ஒரு சீப்பு. பழைய ஜீன்ஸ், கத்தரி வைத்துக் கையை வெட்டிய சட்டை. அமெரிக்காவிலிருந்து மூட்டை மூட்டையாக வந்த பழைய துணிகளை விற்கும் கடைகள் அப்போது லண்டனில் முளைத்திருந்தன. யாரோ ஓர் ஒஹையோ மெக்கானிக்கின் பெயர் பாக்கெட்டில் தைத்த பௌலிங் சட்டையைச் சில்லறைக் காசுக்கு வாங்கலாம். அதே சமயம் லண்டனில் நாகரிகத்தின் உச்சியில் இருந்த 'நியூ ரொமான்டிக்' கூட்டத்துக்குப் பட்டும் சரிகையும் முகப்பூச்சும் வேண்டியிருந்தது. 1980இல் பிரிட்டனில் வேலையில்லாத் திண்டாட்டம் ஏறிக்கொண்டே போனது. உதவித்தொகையில் வாழும் ஒரு பையனுக்கு எந்தப் பாணி கட்டுப்படியாகும் என்று கணக்குப் போட்டால் போதும். பழைய பாணி 'எப்படித் திடீரென்று' பிடித்துக்கொண்டது என்ற உங்கள் கேள்விக்கு என் பாதிப் பதில் இந்தக் கணக்கில் இருக்கிறது.

மீதிப் பாதி, அவர்கள் மேடையில் நின்ற விதம். ஸ்லிம் ஜிம் உட்கார்ந்து வாசிக்க மாட்டார். ஒரு பேஸ் டிரம், ஒரு ஸ்னேர், ஒரு சிம்பல், அவ்வளவுதான், நின்றுகொண்டே அடிப்பார், நடுவில் டிரம் மேலேயே ஏறிவிடுவார். 1970களின் பெரிய ராக் குழுக்களில் டிரம்மர் என்பவர் முப்பது உருப்படிகளுக்குப் பின்னால் புதைந்து கிடப்பார். இங்கே மூன்று பேரும் மேடை விளிம்பில் ஒரே வரிசை. பின்னால் நிற்கிற ஆள் என்று யாருமே இல்லை, அதனால் மூன்று பேரின் ஷூவும் பேன்ட்டும் கூட்டத்துக்குத் தெரியும். லீயின் பேஸ் ஆள் உயரம். செட்சரின் கிட்டார் 1959 மாடல் கிரெட்ச், ஆரஞ்சு நிறத்தில் தூரத்திலிருந்தே கண்ணைப் பிடிக்கும். பத்திரிகை விளம்பரம் பார்த்து 100 டாலருக்கு வாங்கியது என்று அவரே சொல்லியிருக்கிறார். அந்த மாதிரிக் கிட்டாரை அன்றைக்கு யாரும் சீந்தவில்லை. கிரெட்ச் கம்பெனியே 1980களின் தொடக்கத்தில் கிட்டார் தயாரிப்பை நிறுத்திவிட்டது. அப்புறம் அது திரும்பி வந்து, 1990களில் செட்சரின் பெயரிலேயே ஒரு மாடல் போட்டது. முடியை விடுங்கள், ஒரு வாத்தியத்தையே அவர்கள் நாகரிகமாக்கினார்கள்.

ரோலிங் ஸ்டோன்ஸ் ஆட்களே பார்க்க வரும் அளவுக்குச் சில மாதங்களில் பெயர் பரவியது. அரிஸ்டா கம்பெனி ஒப்பந்தம் போட்டது. வேல்ஸ்காரர் டேவ் எட்மண்ட்ஸ் தயாரிப்புக்கு வந்தார், பழைய எதிரொலிச் சத்தத்தைப் புதிய ஸ்டுடியோவில் வரவழைக்கத் தெரிந்த ஆள். 'ரன்னவே பாய்ஸ்' பாட்டு 1980 இறுதியில் வெளிவந்து பிரிட்டிஷ் விற்பனைப் பட்டியலில் 9ஆம் இடம் வரை போனது. 'ராக் திஸ் டவுன்' 1981இல் அதே 9. அந்த வருடக் கடைசியில் வந்த இரண்டாவது ஆல்பம் சரியாகப் போகவில்லை, ஆங்கிலேயர்களின் மோகம் அதற்குள் வேறு பக்கம் திரும்பிவிட்டது.

அவர்களை அமெரிக்காவில் காப்பாற்றியது பாட்டு வீடியோக்களை ஓட்டும் எம்டிவி. 1981 ஆகஸ்ட் 1 அன்று தொடங்கிய அந்த சேனலுக்கு இருபத்து நான்கு மணி நேரமும் ஓட்ட வீடியோ வேண்டும். அமெரிக்கக் குழுக்களிடம் வீடியோ பெரிதாக இல்லை, பிரிட்டனிலிருந்து வந்தவர்களிடம் இருந்தது. லண்டன் போய்த் திரும்பிய இந்த அமெரிக்கர்களிடமும் இருந்தது! சந்துக்குள் குப்பைத்தொட்டிப் பக்கத்தில் மூன்று பேர், எழுந்து நிற்கும் முடி, ஒரு பூனை. அமெரிக்காவின் உள்மாநிலமான நெப்ராஸ்காவில் ஒரு பையன் ரேடியோவில் கேட்டால் 'ஏதோ பழைய பாட்டு' என்று ஸ்டேஷன் மாற்றியிருப்பான். டிவியில் பார்த்ததும் மறுநாள் சீப்பை எடுத்தான். 1982இல் இரண்டு பிரிட்டிஷ் ஆல்பங்களிலிருந்தும் பொறுக்கிச் சேர்த்த 'பில்ட் ஃபார் ஸ்பீட்' அமெரிக்கப் பட்டியலில் 15 வாரம் 2ஆம் இடத்திலேயே நின்றது. மென் அட் வொர்க் என்ற ஆஸ்திரேலியக் குழு முதலிடத்தை விட்டுக்கொடுக்கவே இல்லை. 'ஸ்ட்ரே கேட் ஸ்ட்ரட்' 1983இல் 3ஆம் இடம். அடுத்த வருடம், 1984இல், குழு பிரிந்தது. பிறகு பல முறை சேர்ந்தார்கள், 2019இல்கூட '40' என்று ஓர் ஆல்பம் போட்டார்கள். அது வேறு கதை.

குழு உடைந்தாலும் பாணி நிற்கவில்லை. லண்டனில் ஏற்கெனவே மீட்டியோர்ஸ் போன்ற குழுக்கள் ராக்கபில்லியைப் பேய்ப்படக் கதைகளோடு குழைத்து 'சைக்கோபில்லி' ஆக்கியிருந்தன. ஹாமர்ஸ்மித்தின் கிளாரண்டன் ஹோட்டலில் க்ளப் ஃபுட் என்று அவர்களுக்கென்றே ஒரு கூடாரம். அங்கே குருவிக்கூடு கூடாக இல்லை, கத்தியாக நின்றது: பக்கவாட்டில் மழித்து, முன்னால் ஒரு சாண் உயரம், வெளுத்து மஞ்சளடித்து. இன்னொரு பக்கம், எந்த முரட்டுத்தனமும் இல்லாத தி ஸ்மித்ஸ் குழுவின் மோரிஸ்ஸி அதே முன்முடியை வைத்துக்கொண்டு சோகப் பாட்டுப் பாடினார். பின்னாளில் அவருக்குக் கிட்டார் வாசிக்க வந்த பாஸ் பூரர், போல்கேட்ஸ் என்ற ராக்கபில்லிக் குழுவின் ஆள். 1985 கடைசியில் லீவைஸ் 501 ஜீன்ஸ் விளம்பரம் ஒன்று பிரிட்டிஷ் டிவியில் வந்தது. 1950களின் சலவைக்கடை, ஓர் அழகான பையன் உள்ளே வந்து உள்ளாடையோடு நின்றுகொண்டு சட்டையையும் ஜீன்ஸையும் கழற்றிச் சலவை மெஷினில் போடுகிறான். விற்பனை பிய்த்துக்கொண்டு போனது. மூட்டைத் துணிக்கடையில் சில்லறைக்குக் கிடைத்த தோற்றத்துக்கு அன்றோடு விலைச்சீட்டு மாட்டியாகிவிட்டது.

ஜப்பானைப் பற்றிச் சொல்லாமல் விட்டால் இந்தப் பதில் அரைகுறைதான். அங்கே இது ஸ்ட்ரே கேட்ஸால் தொடங்கவில்லை. 1972இல் உருவான கேரல் குழு, யாசாவா எய்கிச்சி பாடியது, தோல் ஜாக்கெட்டும், குருவிக்கூட்டுக்கு அங்கே பெயரான 'ரீசென்ட்' முடியுமாக வந்து 1975இல் கலைந்தது. அதன் கடைசிக் கச்சேரியில் காவலுக்கு நின்ற மோட்டார் சைக்கிள் கூட்டம்தான் கூல்ஸ் என்ற அடுத்த குழு. டோக்கியோவின் ஹராஜுகுவில் யமசாகி மசாயுகியின் க்ரீம் சோடா கடை இந்த உடைகளை விற்றது, கடை ஊழியர்களிலிருந்தே பிளாக் கேட்ஸ் என்று ஒரு குழுவும் புறப்பட்டது. பக்கத்து யோயோகி பூங்கா வாசலில் ஞாயிறு மதியம் டேப் ரெக்கார்டரை வைத்து ஆடுகிறவர்களை இன்றும் பார்க்கலாம். ஆடி ஆடித் தேய்ந்த பூட்ஸின் அடியைப் பசை டேப்பால் சுற்றி ஒட்டிக்கொண்டு ஆடுவார்கள். நரைத்த குருவிக்கூடுகளும் அந்த வட்டத்தில் உண்டு.

கசப்பான ஒன்றையும் சொல்ல வேண்டும். இந்த மறுமலர்ச்சிக் கூட்டங்களில், குறிப்பாகப் பிரிட்டனில், அமெரிக்க உள்நாட்டுப் போரில் அடிமை முறைக்காக நின்ற தென்மாநிலங்களின் கொடியை ஜாக்கெட்டிலும் மேடையிலும் சர்வசாதாரணமாக வைத்தார்கள். 'கலகக்காரன்' என்று காட்டத்தான், அரசியல் தெரியாது என்பார்கள். ஆர்தர் க்ரூடப் இல்லாமல் இந்த இசையே இல்லை என்று தெரிந்தவர்கள் அந்தச் சமாதானத்தை எப்படி ஏற்பது? இப்போது பல விழாக்களில் அந்தக் கொடி குறைந்திருக்கிறது. அமெரிக்காவில் இந்தப் பாணியின் உயிரோட்டமான இடம் இன்று லாஸ் ஏஞ்சலிஸின் மெக்சிகன் வம்சாவளி இளைஞர்கள் என்பதும் அதற்கு ஒரு காரணமாக இருக்கலாம், இது என் ஊகம்தான்.

பெண்கள் பக்கம் நான் அதிகம் சொல்லவில்லை. ஸ்ட்ரே கேட்ஸ் காலத்தில் குதிரைவால், சிறுத்தைப் புள்ளித் துணி, ஆண்களின் ஜாக்கெட்டையே மாட்டிக்கொள்வது என்ற அளவில்தான் இருந்தது. நெற்றியில் உருட்டிய முடி, செர்ரிப் படம் போட்ட கவுன், சிவப்பு உதடு என்று இப்போது 'ராக்கபில்லி பெண்' என்றதும் வருகிற படம் பெரும்பாலும் 1990களுக்குப் பிந்தையது. 1998 முதல் லாஸ் வேகஸில் நடக்கும் விவா லாஸ் வேகஸ் விழாவுக்குப் போகிறவர்களின் படங்களில் அது கொட்டிக் கிடக்கும்.

அந்த விழாப் படங்களை வைத்தே உங்கள் கேள்வியைச் சோதித்துப் பார்க்கலாம். ஓர் ஆளின் முடியைப் பார்க்காதீர்கள், அது எல்லோருக்கும் ஒன்றுதான். கையைப் பாருங்கள். முழுக்கைச் சட்டையும் கோட்டும், இடுப்புக்கு மேல் ஏறிய தொளதொள பேன்ட்டும் என்றால், அவர் 1955 மெம்பிஸிலிருந்து தேடிப் பிடித்திருக்கிறார். முழங்கால் வரை கோட்டு என்றால் லண்டன் டெட். வெட்டிய சட்டைக்கையும், தோள் வரை ஏறிய பச்சையும், கழுத்தில் கைக்குட்டையும் என்றால், அவர் 1950கள் என்று நினைத்துப் போட்டிருப்பது 1981ஐ. பத்து படம் எடுத்து எண்ணிப் பாருங்கள், மூன்றாவது வகைதான் அதிகம் வரும்.